டி.வி. வன்முறைக்கு எதிரான புகார்: பெற்றோர் எங்கே ஏமாறுகிறார்கள்?

சாயங்காலத் தொடரில் ஒருவரைக் கழுத்தை நெரித்துக் கொல்வதைப் பார்த்த நான்கு வயதுக் குழந்தை, அன்றிரவு கழிப்பறைக்குத் தனியாகப் போக மறுக்கிறது. நின்றுபோயிருந்த படுக்கை நனைக்கும் பழக்கம் திரும்புகிறது. கதைக்கும் நிஜத்துக்கும் வேறுபாடு பிடிபடாத வயது அது. இப்படிப் பயந்த குழந்தையின் பெற்றோர் கேபிள்காரரிடம் போனால் "இணைப்புக் கொடுப்பது மட்டுமே என் வேலை" என்கிறார். காவல் நிலையத்தில் மனுவையே வாங்குவதில்லை.

சேனல் நிகழ்ச்சி என்றால் முதல் புகார் அந்தச் சேனலின் குறைதீர்ப்பு அலுவலருக்கே எழுத்தில் போக வேண்டும் என்கிறது கேபிள் தொலைக்காட்சி விதிகளின் 2021 திருத்தம். குழந்தை பயந்ததை மட்டும் பக்கம் பக்கமாக எழுதினால், வருத்தம் தெரிவிக்கும் ஒரு பதிலோடு கோப்பை மூடிவிடுவார்கள். குழந்தைகள் அதிகம் பார்க்கும் நேரத்தில் அவர்களுக்கு ஒவ்வாததை ஒளிபரப்பக் கூடாது என்னும் விதி 6(5) மீறப்பட்டிருக்கிறது என்றே எழுதுங்கள். சேனல், நிகழ்ச்சி, தேதி, மணி, காட்சி ஆகிய ஐந்தில் ஒன்றையும் விடாதீர்கள். குழந்தைகள் அதிகம் பார்க்கும் அந்த நேரம் எத்தனை மணி முதல் எத்தனை மணி வரை என்று விதி சொல்லவில்லை. சேனல்கள் ஒதுங்கிக்கொள்ளும் சந்து அதுதான். ஆகவே, பள்ளி முடிந்து வீட்டில் பிள்ளைகள் டி.வி. முன் இருக்கும் நேரம் இது என்று நீங்களே மனுவில் குறிப்பிடுங்கள்.

24 மணி நேரத்துக்குள் ஒப்புகையும் 15 நாளுக்குள் முடிவும் வர வேண்டும். பலர் ஏமாறுவது இங்கேதான்: பதில் வரும், வரும் என்று மாதக்கணக்கில் காத்திருக்கிறார்கள். பதிலே வராவிட்டாலும், அந்தக் கெடு முடிந்த அடுத்த 15 நாளுக்குள் அச்சேனல் உறுப்பினராக உள்ள சுய ஒழுங்குமுறை அமைப்புக்கு (சேனல்களே சேர்ந்து வைத்துக்கொண்ட கண்காணிப்பு அமைப்பு) மேல்முறையீடு செய்தாக வேண்டும். அங்கும் நியாயம் கிடைக்காவிட்டால் மத்திய அரசிடம் போகலாம். அதற்கும் 15 நாள்தான். ஒப்புகை வந்த மின்னஞ்சலை அழித்துவிட்டால் எதையும் நிரூபிக்க முடியாது.

ஓ.டி.டி. தளங்களுக்கு இருப்பவை வேறு விதிகள். 13 வயதுக்கு மேற்பட்டோருக்கானது என்று குறிக்கப்பட்ட படைப்புகளுக்குப் பூட்டு வசதி தருவது தளத்தின் கடமை. ஆனால் கடவுச்சொல் போட்டு அதை இயக்க வேண்டியவர் நீங்கள்.

திரையரங்கில் 'ஏ' சான்றிதழ் படத்துக்கு 18 வயது நிரம்பாதவரை அனுமதிக்கக் கூடாது. 'யு/ஏ 16+' என்பதோ பெற்றோருக்கான அறிவுரை மட்டுமே. ஐந்து வயதுக் குழந்தையோடு போனாலும் வாசலில் யாரும் தடுக்க மாட்டார்கள். அதன் பேரில் புகாரும் எடுபடாது.