ஆல்பம் என்றால் தொகுப்பு மட்டும்தானா?

கல்யாணம் முடிந்து மாதக்கணக்கில் அலையவிட்டுப் போட்டோகிராபர் ஒன்றைக் கொண்டுவந்து கொடுப்பாரே, மடியில் வைத்தால் கால் மரத்துப்போகும் கனத்தில், அது ஆல்பம். ஒரு படத்தில் எல்லாப் பாட்டும் நன்றாக அமைந்துவிட்டால் "மொத்த ஆல்பமே ஹிட்" என்கிறோம். அப்புறம், சினிமாவில் வராத ஒரே ஒரு பாட்டைப் படமெடுத்து யூடியூபில் போட்டால் அதற்கு "ஆல்பம் சாங்" என்று பெயர். பல பாட்டுகளின் கட்டுக்கு வந்த சொல் எப்படி ஒற்றைப் பாட்டில் போய் ஒட்டிக்கொண்டது? சினிமாவுக்கு வெளியே கேசட்டாக வந்ததையெல்லாம் ஆல்பம் என்று சொல்லிப் பழகி, கடைசியில் "சினிமா அல்லாதது" என்பதே அதன் பொருளாகிவிட்டது போலிருக்கிறது.

வேர் லத்தீனில் இருக்கிறது. 'அல்பஸ்' என்றால் வெள்ளை. பழைய ரோமில் அரசு அறிவிப்புகளை எழுதிவைக்க வெள்ளை பூசிய பலகை ஒன்று இருந்தது, அதுதான் 'ஆல்பம்'. 16ஆம் நூற்றாண்டில் ஜெர்மானிய மாணவர்கள் நண்பர்களிடம் கையெழுத்தும் வாசகமும் வாங்கிவைக்கும் வெற்றுப் புத்தகத்துக்கு இந்தப் பெயரை வைத்தார்கள். நம் பிள்ளைகள் பிளஸ் டூ கடைசி நாளில் நீட்டும் ஆட்டோகிராப் நோட்டேதான். அங்கிருந்து தபால்தலை, போட்டோ என்று எதை ஒட்டிவைத்தாலும் ஆல்பம் ஆனது.

இசைக்குள் இந்தச் சொல் வந்ததற்குக் காரணம் இடப் பற்றாக்குறை. நிமிடத்துக்கு 78 சுற்று சுழலும் அரக்குத் தட்டில் ஒரு பக்கத்துக்கு மூன்று, நான்கு நிமிடம்தான் பிடிக்கும். நீளமான இசை என்றால் நாலைந்து தட்டுகள் வேண்டும், அவற்றைக் காகித உறைகளில் போட்டுப் புத்தகம்போல் பைண்டு செய்து விற்றார்கள். பார்க்கப் போட்டோ ஆல்பம் மாதிரியே இருந்ததால் பெயரும் அதுவே. 1948இல் கொலம்பியா நிறுவனம் எல்.பி. தட்டைக் கொண்டுவந்ததும் ஒரு பக்கத்திலேயே இருபது நிமிடத்துக்கு மேல் ஓடியது, அந்தப் புத்தகம் தேவைப்படாமல் போனது. பெயர் மட்டும் தட்டோடு தங்கிவிட்டது.

சரி, தமிழில் என்ன சொல்வது? 'இசைத்தொகுப்பு', 'பாடல் தொகுப்பு' என்று எழுதுகிறோம். நானும் நிறைய எழுதியிருக்கிறேன். ஆனால் அமெரிக்கப் பாடகர் மார்வின் கேயின் 'வாட்ஸ் கோயிங் ஆன்' ஆல்பத்தை முதலிலிருந்து கடைசிவரை கேட்ட பிறகு இந்தத் 'தொகுப்பு' என்ற சொல் எனக்கு உறுத்த ஆரம்பித்துவிட்டது.

அவர் பாடிய மோட்டவுன் நிறுவனம் கார் நகரமான டெட்ராய்ட்டில் இருந்தது. நிறுவனர் பெர்ரி கார்டி ஒரு காலத்தில் கார் ஆலையில் வேலை பார்த்தவர், பாட்டுகளையும் அதே வரிசைமுறையில்தான் தயாரித்தார். அவர் 1959இல் வாங்கிய வீடு அதற்கு முன் ஒரு போட்டோ ஸ்டூடியோ. (நம் ஊரில் ஸ்டூடியோ என்றதும் முதலில் நினைவுக்கு வருவதும் அதுதானே!) அந்த வீட்டுக்குள் இருந்த ஒலிப்பதிவு அறைக்கு இசைக்கலைஞர்கள் வைத்த பட்டப்பெயர் 'பாம்புக் குழி'. அங்கிருந்து ஹிட் சிங்கிள்கள் (தனியாக வெளியிடும் ஒற்றைப் பாட்டுகள்) வரும், ஹிட்டான இரண்டு மூன்றோடு இன்னும் சிலவற்றைச் சேர்த்துக் கட்டினால் ஆல்பம். அதைத் தொகுப்பு என்று சொன்னால் யாரும் சண்டைக்கு வரமாட்டார்கள்.

இந்த ஆல்பம் அப்படி உருவாகவில்லை. 1969இல் அமெரிக்காவின் பெர்க்லியில் இளைஞர்களைப் போலீஸ் அடித்ததைப் பார்த்த ஓபி பென்சன் (ஃபோர் டாப்ஸ் குழுவின் பாடகர்) தொடங்கிவைத்ததுதான் அதன் தலைப்புப் பாட்டு. கூட எழுதியவர் அல் கிளீவ்லண்ட். மார்வின் அதைத் தன் கைக்கு மாற்றிக்கொண்டு 1970இல் பதிவுசெய்தார். அவருடைய தம்பி வியட்நாம் போரில் இருந்து திரும்பியவர், அந்த வலியும் உள்ளே வந்தது. கார்டிக்குப் பாட்டு பிடிக்கவில்லை. மார்வினுக்கு அவர் மைத்துனர் முறை வேறு, கார்டியின் அக்காவைத்தான் மார்வின் கட்டியிருந்தார். 1971 ஜனவரியில் ஒருவழியாகச் சிங்கிள் வெளிவந்து பிய்த்துக்கொண்டு போனதும், முழு ஆல்பத்துக்கும் வழி திறந்தது. மீதிப் பாட்டுகளை மார்ச்சில் மளமளவென்று பதிவுசெய்தார்கள், மே மாதம் ஆல்பம் கடைக்கு வந்தது.

தலைப்புப் பாட்டில் மார்வினின் குரல் இரட்டையாகக் கேட்குமே, அது ஒரு தவறு. எது நன்றாக இருக்கிறது என்று பார்க்க இரண்டு முறை பாடிவைத்திருந்தார், ஒலிப்பதிவாளர் இரண்டையும் ஒன்றாக ஓடவிட்டுவிட்டார், கேட்ட மார்வின் அப்படியே இருக்கட்டும் என்றுவிட்டார். தொடக்கத்தில் வரும் சாக்ஸபோன்கூட எலை ஃபான்டெய்ன் வாசித்துப் பார்த்த ஒத்திகைதான். மேடையில் இதெல்லாம் நடக்காது. நேரடிக் கச்சேரிப் பதிவுக்கு மாறாக 'ஸ்டூடியோ ஆல்பம்' என்று தனியாகச் சொல்ல வேண்டியிருப்பது இதனால்தான். இலங்கை வானொலிப் பேச்சில் ஸ்டூடியோவுக்குக் 'கலையகம்' என்ற சொல் உண்டு, எனக்கு 'ஒலிப்பதிவுக் கூட'த்தைவிட அது பிடிக்கும்.

மொத்தம் ஒன்பது பாட்டு, முப்பத்தைந்து நிமிடம். முதல் பக்கத்தின் ஆறு பாட்டும் இடைவெளியில்லாமல் ஒன்றுக்குள் ஒன்று வழிந்து ஓடுகின்றன. எங்கே வெட்டினாலும் ரத்தம் வரும்.

இப்போது பழைய அணியிலக்கண நூலான தண்டியலங்காரத்துக்கு வருவோம். செய்யுளை அது நான்காகப் பிரிக்கிறது: தனியே நின்று முடிவது முத்தகம், பல பாட்டுகள் ஒரே வினையில் முடிவது குளகம், எட்டுத்தொகை போலத் திரட்டிவைத்தது தொகைநிலை, பொருளாலோ சொல்லாலோ தொடர்ந்து போவது தொடர்நிலை. எனக்கு இது ரெக்கார்டு கடையில் அலமாரி அடுக்குவதற்கே எழுதியது போல் இருக்கிறது. சிங்கிள் என்பது முத்தகம், நம் "ஆல்பம் சாங்"கும் அதுவே. பழைய ஹிட்டுகளைத் திரட்டி வெளியிடுவது தொகை. மார்வின் செய்தது தொடர்நிலை.

அதிலும் கடைசிப் பாட்டு முடியப்போகிற நேரத்தில் முதல் பாட்டின் மெட்டும் "அம்மா, அம்மா" என்ற விளியும் திரும்ப வருகின்றன. அந்தாதியில் கடைசிச் சொல் முதல் சொல்லோடு போய்ச் சேர்வதை மண்டலித்தல் என்பார்கள். இங்கே மெட்டு மண்டலிக்கிறது.

'இசைக்கோவை' என்று சொல்லலாமே என்று ஒரு நண்பர் கேட்டார். கோத்தது என்ற பொருள் அழகாகத்தான் இருக்கிறது, ஆனால் இசையமைப்பு, வாத்திய அமைப்பு என்ற பொருளில் அது ஏற்கெனவே புழங்குவதால் குழப்பும். அதனால் பொதுவாக 'இசைத்தொகுப்பு' என்றே எழுதுகிறேன், இந்த மாதிரி ஒன்று வரும்போது மட்டும் 'தொடரிசை' என்று போட்டுப் பார்க்கிறேன். பேசும்போது ஆல்பம்தான், அதை மாற்றிக்கொள்ளப்போவதில்லை.