நிஸ்பா: அரபுக் குடிப்பெயரும் அதன் தமிழ்ச் சொல்லும்

அரபு நாட்டவர் பெயர்களின் இறுதியில் வரும் அல்-கஹ்தானீ, அல்-ஹர்பீ, அஷ்-ஷம்மரீ, அத்-தமீமீ போன்ற சொற்களை அரபு இலக்கணம் ‘நிஸ்பா’ என்று அழைக்கிறது. வம்சாவளியைக் குறிக்கும் ‘நஸப்’ என்னும் சொல் பிறந்த அதே வேரில் பிறந்த இதற்குச் சார்பு, தொடர்பு என்பது பொருள். ஒரு பெயரோடு ‘ஈ’ விகுதி சேர்ந்தால் ‘அதைச் சார்ந்தவர்’ என்றாகும்: தமீம் குடியைச் சார்ந்தவர் தமீமீ, கிந்தா குடியைச் சார்ந்தவர் கிந்தீ, பெண்பாலில் தமீமிய்யா, கிந்திய்யா. விகுதி ஏற்கையில் சில பெயர்கள் உருத்திரிவதும் உண்டு. குறைஷ் என்பது குறஷீ என்றும், ஸகீஃப் என்பது ஸகஃபீ என்றும் ஆகின்றன. கொடைக்குப் பெயர்பெற்ற ஹாத்திம் தாயீயின் பெயரிலுள்ள ‘தாயீ’, தய் என்னும் பழங்குடியைச் சுட்டுவதேயாகும்.

இங்கே ஒரு வேறுபாட்டைக் கவனிக்க வேண்டும். மேற்கண்ட பெயர்களில் வரும் ‘அல்’ வெறும் சுட்டு. ‘த’, ‘ஷ’ போன்ற எழுத்துகளுக்கு முன் அதன் லகரம் அவ்வொலியாகவே மாறிவிடும். ‘ஆல் சஊத்’, ‘ஆல் நஹ்யான்’ ஆகியவற்றில் நெடிலாக வரும் ‘ஆல்’ முற்றிலும் வேறான சொல். அதற்குக் குடும்பம், வழியினர் என்று பொருள். இரண்டையும் ‘அல்’ என்றே எழுதினால், ஒரு பெருங்குடியின் பெயருக்கும் ஓர் ஆளும் குடும்பத்தின் பெயருக்கும் உள்ள வேறுபாடு மறைந்துபோகிறது.

நிஸ்பா இரத்த உறவை மட்டுமே காட்டும் என்று கொள்வது பிழை. ஹதீஸ் (நபிமொழி) தொகுப்பாளர் இமாம் புகாரீ (810–870) அல்-ஜுஃபீ என்றும் அழைக்கப்பட்டார். அவருடைய பாட்டனாரின் தந்தை, புகாராவின் ஆளுநராயிருந்த ஜுஃபீ குடியினர் ஒருவரின் வழியாக இஸ்லாத்தைத் தழுவியவர். அந்தச் சார்புரிமையால், அரபு வம்சத்தில் பிறவாத அக்குடும்பத்துக்கு அரபுக் குடியொன்றின் பெயர் வந்து சேர்ந்தது. பிறப்பால் வராத உறவையும் பெயரில் ஏற்றுக்கொண்ட இந்த மரபு எனக்குப் பெரிதும் மதிப்புக்குரியதாகத் தோன்றுகிறது. 12ஆம் நூற்றாண்டில் அஸ்-ஸம்ஆனீ இத்தகைய பெயர்களைத் திரட்டி விளக்குவதற்கென்றே ‘கிதாபுல் அன்ஸாப்’ என்னும் பெருநூலை இயற்றினார். அரசியலும் இப்பெயர்களை விட்டுவைக்கவில்லை. ஈராக்கில் பஅஸ் கட்சியின் ஆட்சி 1970களில் இவற்றைப் பொதுவழக்கில் தடைசெய்தது.

தமிழில் இதைக் ‘குடும்பப்பெயர்’ என்பது பொருந்தாது; ஹர்பீ என்னும் பெயரைக் கொண்டவர்கள் ஒரே குடும்பத்தினர் அல்லர், பல கிளைகளாகப் பிரிந்த ஒரு பெருங்குடியினர். ‘குலப்பெயர்’ என்றாலோ சாதி என்னும் எண்ணம் உடன்வந்துவிடும். பொருத்தமான சொற்களைத் தொல்காப்பியமே தருகிறது. உயர்திணைப் பெயர்களை வகுக்கும் பெயரியல் நூற்பா ‘நிலப்பெயர் குடிப்பெயர் குழுவின் பெயரே’ என்று தொடங்குகிறது. சோழியன் என்பதை நிலப்பெயருக்கும், மலையமான் என்பதைக் குடிப்பெயருக்கும் உரையாசிரியர்கள் எடுத்துக்காட்டுவர். அவ்வாறே, புகாரா நகரைச் சுட்டும் புகாரீ நிலப்பெயர், ஜுஃபீ குடிப்பெயர். இரண்டையும் அடக்கும் நிஸ்பா என்னும் பொதுச்சொல்லைச் ‘சார்புப்பெயர்’ எனலாம்.