கரு இளக, கறி வேக, மேலே மொறுமொறுக்க: ஓவனில் ஸ்காட்ச் எக்

அவித்த முட்டையை உரித்து, கொத்துக்கறியால் கனமாகப் போர்த்தி, பிரெட் தூளில் புரட்டிப் பொரித்தெடுத்தால் அதுதான் ஸ்காட்ச் எக். இங்கிலாந்தில் பப்களிலும் சூப்பர்மார்க்கெட்டுகளிலும் சாதாரணமாகக் கிடைக்கும் தின்பண்டம். நன்றாகச் செய்த ஒன்றை நடுவில் வெட்டினால் வெளியே பொன்னிற மேலோடு, அதற்குள் சாறு வற்றாத கறி, அடுத்து வெள்ளைக்கரு, நடுவில் இளகி நிற்கும் மஞ்சள் கரு என வளையம் வளையமாகத் தெரியும். எண்ணெயில் பொரித்தால் இந்தப் பதம் ஓரளவு சுலபமாகவே வந்துவிடுகிறது. எண்ணெய் வேண்டாம் என்று அதையே ஓவனில் வைத்தால்தான் தகராறு. மேல்புறம் வெளிறிக் கிடக்கும், உள்ளே மஞ்சள் கரு மாவாக உதிரும்.

ஏன் இப்படி? பிரெட் தூள் நன்றாகச் சிவக்க 140 டிகிரி செல்சியஸுக்கு மேல் சூடு வேண்டும். கொத்துக்கறி பாதுகாப்பாக வேக 70 டிகிரியைத் தொட வேண்டும். மஞ்சள் கருவோ 65 டிகிரியில் கெட்டிப்படத் தொடங்கி, 70-க்குள் இறுகிப்போகும். மொத்த உருண்டையின் ஆரமே மூன்று சென்டிமீட்டர்தான். அந்த மூன்று சென்டிமீட்டருக்குள் 140, 70, 65 மூன்றையும் ஒரே நேரத்தில் நிறுத்த வேண்டும். அடுப்பின் சூடோ வெளியிலிருந்து மட்டும்தான் வருகிறது.

அந்தக் காலத்தில் இந்தச் சிக்கல் இல்லை. லண்டன் பிக்கடில்லியில் இருக்கும் ஃபோர்ட்னம் அண்ட் மேசன் கடை, 1738-லேயே பயணிகளுக்காகத் தாங்கள் உருவாக்கிய பண்டம் இது என்று சொல்லிக்கொள்கிறது. 1809-ல் மரியா ரண்டெல்லின் சமையல் நூலில் செய்முறை அச்சாகியிருக்கிறது. அவர் முட்டையைக் கெட்டியாக அவிக்கச் சொல்கிறார், பொரித்த பிறகு கிரேவியோடு பரிமாறச் சொல்கிறார். நம் வட இந்திய நர்கிசி கோஃப்தாவும் ஏறக்குறைய இதேதான். அதிலிருந்துதான் ஸ்காட்ச் எக் வந்தது என்பாரும் உண்டு. அதிலும் கெட்டியாக அவித்த முட்டைதான். எல்லாமே முழுக்க வேக வேண்டும் என்றால் நேரம் கொஞ்சம் கூடினாலும் மோசமில்லை. கரு இளகி நிற்க வேண்டும் என்ற ஆசை வந்த பிறகுதான் கடிகாரத்தைப் பார்க்க வேண்டியதாயிற்று.

முதலில் முட்டை. வெள்ளைக்கருவில் ஏறத்தாழ 88 சதவீதம் தண்ணீர். மீதியில் பெரும்பங்கு புரதம். அந்தப் புரதங்கள் எல்லாம் ஒரே சூட்டில் இறுகுவதில்லை. ஓவோட்ரான்ஸ்ஃபெரின் என்பது 60 டிகிரியைத் தாண்டியதுமே கட்டிப்படத் தொடங்கும். பாதிக்கு மேல் இருக்கும் ஓவல்புமின் இறுகுவதற்கு 80 டிகிரி வரை போக வேண்டும். கொதிக்கும் தண்ணீரில் முட்டையைப் போட்டு ஆறு நிமிடத்தில் எடுத்தால், வெளிப்பக்கத்து வெள்ளைக்கரு கையில் பிடித்து உரிக்கும் அளவுக்கு உறுதியாகிவிடும், மஞ்சள் கரு இன்னும் திரவமாகவே இருக்கும். நமக்கு வேண்டியது அந்த இடைநிலை. இது 60 கிராம் முட்டைக்கான கணக்கு. வேகும் நேரம் எடையின் மூன்றில் இரண்டு அடுக்காக ஏறி இறங்கும் என்று, எக்ஸிடர் பல்கலைக்கழக இயற்பியலாளர் சார்லஸ் வில்லியம்ஸ் தந்த முட்டைச் சமன்பாடு சொல்கிறது. நம் ஊர்க் கடையில் வரும் 50 கிராம் முட்டைக்கு அதைப் போட்டுப் பார்த்தால் ஐந்து நிமிடம் இருபது விநாடி வருகிறது. முட்டையை வெளியிலேயே வைத்திருக்கும் வீடு என்றால் இன்னும் கொஞ்சம் குறைக்க வேண்டும். 30 டிகிரியில் கிளம்பும் முட்டைக்கும் ஃப்ரிட்ஜில் 4 டிகிரியில் கிளம்பும் முட்டைக்கும் போக வேண்டிய தூரம் வேறு.

உரிக்கும்போது பிய்ந்துபோனால் எல்லாம் போச்சு. குழியும் பிளவுமாக இருக்கும் முட்டையைச் சுற்றிக் கறி ஒழுங்காக உட்காராது. இதற்குப் புது முட்டையைவிட ஒரு வாரம் ஆன முட்டை நல்லது. ஓட்டில் ஆயிரக்கணக்கான நுண்துளைகள் இருக்கின்றன. நாளாக ஆக அவற்றின் வழியே கார்பன் டை ஆக்சைடு வெளியேறுகிறது, வெள்ளைக்கருவின் காரத்தன்மை கூடுகிறது. அப்படியான வெள்ளைக்கரு ஓட்டின் உட்சவ்வை அவ்வளவாகப் பற்றிக்கொள்வதில்லை. பச்சைத் தண்ணீரில் போட்டு மெல்லச் சூடேற்றாமல், கொதிக்கிற தண்ணீரிலேயே இறக்குவதும் இதற்குத்தான். சவ்வோடு ஒட்டுவதற்குள் புரதம் இறுகிவிடும். ஆறு நிமிடம் ஆனதும் ஐஸ் தண்ணீருக்கு மாற்ற வேண்டும். வெளிப்பக்கத்தில் தேங்கியிருக்கும் சூடு அடுத்த சில நிமிடங்களில் நடுவுக்குப் போய்க் கருவைக் கெட்டியாக்காமல் இருக்க இதுதான் வழி.

அடுத்தது கறி. பிரிட்டனில் பன்றி சாசேஜ் கறியைத்தான் போடுவார்கள், கோழிக் கொத்துக்கறியிலும் செய்யலாம். எதுவானாலும் அது பிசின் மாதிரி ஒட்ட வேண்டும். நம் கோலா உருண்டையில் பொட்டுக்கடலை மாவு அந்த வேலையைச் செய்கிறது. இங்கே அதைச் செய்வது உப்பு. தசை நார்களில் இருக்கும் மயோசின் என்ற புரதம் வெறும் தண்ணீரில் கரையாது, உப்பு நீரில் கரையும். அரை கிலோ கறிக்கு எட்டு ஒன்பது கிராம் உப்பு போட்டுப் பிசைந்து பாருங்கள். முதலில் பொலபொலவென்று உதிரும். இரண்டு மூன்று நிமிடம் போனதும் நிறம் கொஞ்சம் வெளிறி, உள்ளங்கையில் இழை இழையாக ஒட்டத் தொடங்கும். ஒரு கவளத்தைக் கையில் தட்டி, கையைக் கவிழ்த்தால் விழாது. அதுதான் பதம். இப்படிக் கரைந்து வெளியே வந்த மயோசின், 50 டிகிரியைத் தாண்டும்போது ஒன்றோடொன்று பின்னிக்கொண்டு வலையாகும். தண்ணீரையும் கொழுப்பையும் அந்த வலைதான் பிடித்துவைக்கிறது. பிசையும்போது கறி ஜில்லென்று இருக்க வேண்டும். கைச்சூட்டில் கொழுப்பு உருகி நார்களின் மேல் பூசிக்கொண்டால் புரதத்தோடு புரதம் சேர வழி இல்லாமல் போகும்.

ஓவனில் கறி வெடித்து முட்டை எட்டிப் பார்ப்பதும் புரதத்தின் வேலையே. 60 டிகிரியைத் தாண்டும்போது கறியில் உள்ள கொலாஜன் சுருங்கும், கறி முழுவதும் உள்நோக்கி இறுகும். உள்ளே இருக்கும் முட்டை சுருங்குவதில்லை. எங்கே மெல்லிசாக இருக்கிறதோ, எங்கே இரண்டு ஓரங்களைச் சரியாகச் சேர்க்கவில்லையோ, அங்கே கிழியும். இன்னொரு தொல்லை, வெட்டும்போது கறி தனியாகவும் முட்டை தனியாகவும் கழன்று வருவது. வெள்ளைக்கருவின் மேல்புறம் வழவழப்பானது. அதில் ஈரம் இருந்தால் கறிக்கும் அதற்கும் நடுவில் ஒரு மெல்லிய நீர்ப்படலம் நின்றுவிடும். அதனால்தான் முட்டையைத் துடைத்து, மைதாவில் புரட்டிய பிறகு போர்த்துகிறார்கள். மாவு அந்த ஈரத்தைக் குடித்து, 60 டிகிரியைத் தாண்டியதும் கஞ்சிப் பசையாகி இரண்டையும் ஒட்டிவைக்கிறது.

கறி எவ்வளவு கனம் இருக்கலாம்? என்னைக் கேட்டால், உப்பு காரத்தைவிட இந்தக் கேள்விக்குத்தான் அதிகம் மெனக்கெட வேண்டும். ஒரு பொருளுக்குள் சூடு ஊடுருவ எடுக்கும் நேரம் கனத்தோடு நேராக ஏறுவதில்லை, கனத்தின் வர்க்கத்தோடு ஏறுகிறது. ஒரு சென்டிமீட்டர் கறிக்குள் சூடு பரவ ஏறத்தாழ 12 நிமிடம் என்று வைத்தால், ஒன்றரை சென்டிமீட்டருக்கு 18 நிமிடம் போதாது, 27 நிமிடம் ஆகும். அரை சென்டிமீட்டருக்கு மூன்றே நிமிடம். உரித்த முட்டையைச் சுற்றி ஒரு சென்டிமீட்டர் கனம் வர 100 கிராம் கறி பிடிக்கும். 75 கிராமில் நிறுத்திக்கொண்டால் கனம் எட்டு மில்லிமீட்டராகும், நேரம் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் குறையும். பப்பில் பார்த்த கிரிக்கெட் பந்து அளவு ஸ்காட்ச் எக்கை வீட்டு ஓவனில் செய்யப் பார்ப்பவர்கள் சறுக்குவது இங்கேதான். கறியின் உள்ளோரம் வேகும் வரை காத்திருந்தால் கரு கல்லாகிவிடும், கருவுக்காக முந்தி எடுத்தால் கறி பச்சையாக நிற்கும். கனம் ஒரே சீராகவும் இருக்க வேண்டும். கறியை இரண்டு பிளாஸ்டிக் தாள்களுக்கு நடுவில் வைத்துச் சப்பாத்தி போல் தேய்த்து, அதில் முட்டையை வைத்துத் தாளோடு சேர்த்துச் சுற்றினால் கையால் அப்புவதைவிடச் சீராக வரும்.

இனி மேலோடு. எண்ணெய்க்கும் ஓவனுக்கும் உள்ள உண்மையான வித்தியாசம் இங்கேதான். 200 டிகிரி ஓவனுக்குள் ஒரு விநாடி கையை நீட்டி எடுத்தால் ஒன்றும் ஆகாது. 175 டிகிரி எண்ணெயில் விரல் நுனி பட்டாலே கொப்புளம்தான். எண்ணெயைவிடக் காற்று சூடாக இருந்தும், சூட்டைக் கைமாற்றுவதில் அது மகா சோம்பேறி. எண்ணெய் அந்த வேலையைப் பத்து மடங்குக்கும் மேல் வேகமாகச் செய்யும். ஈரமான மேற்பரப்போ, தன் தண்ணீர் வற்றும் வரை 100 டிகிரியைத் தாண்ட மறுக்கும். ஒரு கிராம் தண்ணீரை 30 டிகிரியிலிருந்து கொதிநிலைக்குக் கொண்டுவர சுமார் 290 ஜூல் போதும், அதையே ஆவியாக்க 2,260 ஜூல் வேண்டும். எண்ணெயில் அந்த ஆற்றல் மளமளவென்று கிடைக்கிறது, சடசடவென்று குமிழி விட்டு ஈரம் ஓடிவிடுகிறது. ஓவனில் இது மெல்லத்தான் நடக்கிறது. பிரெட் தூள் காய்ந்து சிவப்பதற்குள் உள்ளே சூடு கருவரைக்கும் போய்ச் சேர்ந்திருக்கும்.

ஆகவே மேலோட்டின் வேலையை ஓவனுக்கு முன்பே முடித்துவிடுவதுதான் புத்திசாலித்தனம். ஒரு கப் பிரெட் தூளுக்கு இரண்டு தேக்கரண்டி எண்ணெய் விட்டு, வாணலியில் மிதமான தீயில் வறுக்க வேண்டும். முதலில் நிறமே மாறாது, ஈரம் போய்க்கொண்டிருக்கும். பிறகு வாசனை கிளம்பும், அப்புறம் திடீரென்று சிவக்கும். பிரெட்டின் சர்க்கரைக்கும் புரதத்துக்கும் நடக்கும் மெய்லார்டு வினைதான் அந்த வாசனை. விரும்பும் நிறத்துக்குச் சற்று முன்பே இறக்கிவிடலாம், மீதியை ஓவன் பார்த்துக்கொள்ளும். ஜப்பானியப் பாங்கோ தூள் கிடைத்தால் இன்னும் நல்லது. மாவுக்குள் மின்சாரம் செலுத்தி வேகவைத்த, தோல் இல்லாத பிரெட்டிலிருந்து வருவது அது. செதில் செதிலாக, காற்றோட்டமாக இருப்பதால் ஆவி எளிதில் வெளியேறும். தட்டில் நேராக வைக்காமல் கம்பி வலையின் மேல் வைத்தால், அடியிலும் காற்று போய்வரும், கறியிலிருந்து இறங்கும் சாறு தேங்கி அடிப்பக்கத்தை ஊறவைக்காது. ஓவனில் விசிறி இருந்தால் போடுங்கள். உருண்டையைச் சுற்றி அசையாமல் நிற்கும் குளிர்ந்த காற்றுப் படலத்தை அது கலைத்துவிடும். ஏர் ஃப்ரையரும் அடிப்படையில் விசிறி வேகமாகச் சுற்றும் சின்ன ஓவன்தான். இந்தப் பண்டத்துக்குப் பெரிய ஓவனைவிட அதுவே தோது.

உள்ளே இருப்பதைத் தாமதப்படுத்த ஃப்ரிட்ஜ் இருக்கிறது. போர்த்திய உருண்டைகளை ஒரு மணி நேரம் ஃப்ரிட்ஜில் வைத்தால் கறி கெட்டிப்பட்டு வடிவம் நிற்கும், அத்தோடு முட்டையின் நடுப்பகுதி 5 டிகிரிக்கு அருகில் போய்விடும். அங்கிருந்து 65-ஐத் தொட அதற்கு 60 டிகிரி ஏற வேண்டும். கறி வேகும் நேரத்துக்குள் அது முடியாது. அதற்குப் பிறகு, நன்றாகச் சூடேறிய 200 டிகிரி ஓவன். எட்டு மில்லிமீட்டர் கனத்துக்கு 20 நிமிடத்திலிருந்து பார்க்கத் தொடங்கலாம். ஒவ்வொரு ஓவனின் குணமும் வேறு என்பதால் தெர்மாமீட்டரை நம்புவதே மேல். அதன் முனையை நடுவுக்குக் குத்தாமல், பக்கவாட்டில் சாய்த்துக் கறிக்குள்ளேயே நிற்கும்படி செருக வேண்டும். 70 டிகிரியைத் தொட்டு இரண்டு நிமிடம் அங்கேயே நின்றால் கறி முடிந்தது என்பது பிரிட்டனில் சொல்லப்படும் அளவு. வெளியே எடுத்த பிறகும் சூடு உள்ளே போய்க்கொண்டுதான் இருக்கும். கரு இளகலாக வேண்டுமென்றால் ஐந்து நிமிடத்துக்கு மேல் காத்திருக்காமல் வெட்டிவிட வேண்டும்.

இளகிய கருவைப் பற்றி ஒரு எச்சரிக்கை. பிரிட்டனில் சிங்க முத்திரை குத்திய முட்டைகள் வயிற்றைக் கெடுக்கும் சால்மொனெல்லா கிருமிக்குத் தடுப்பூசி போட்ட கோழிகளிடமிருந்து வருபவை. 2017-ல் அந்நாட்டு உணவுத் தர முகமை, கர்ப்பிணிகளும் குழந்தைகளும்கூட அவற்றை இளகலாகச் சாப்பிடலாம் என்று அறிவித்தது. நம் ஊர்க் கடை முட்டைக்கு அப்படிப்பட்ட உத்தரவாதம் கிடையாது. கர்ப்பிணிகள், சின்னக் குழந்தைகள், முதியவர்கள் சாப்பிடும் வீட்டில் பத்து நிமிடம் அவித்துவிட்டே போர்த்துங்கள். ரண்டெல் அம்மையார் சொன்ன வழி அது, ஓவனும் அப்போது தொந்தரவு கொடுக்காது. அதற்கும் மேல் அவிக்க வேண்டாம். வெள்ளைக்கருவின் கந்தகமும் கருவின் இரும்பும் சேர்ந்து கருவைச் சுற்றிச் சாம்பல் பச்சை வளையம் விழும். உடம்புக்குக் கெடுதல் இல்லை, ஆனால் வெட்டி வைத்தால் பார்க்க நன்றாக இருக்காது.

மிஞ்சியதை மறுநாள் ஆறிய நிலையிலேயே சாப்பிடலாம். பிரிட்டனில் பிக்னிக் கூடைக்குள் போவது பெரும்பாலும் ஆறிய ஸ்காட்ச் எக்தான். இரவு முழுவதும் கறியின் ஈரம் மேலோட்டுக்கு நகர்வதால் மொறுமொறுப்பு மட்டும் இருக்காது. 180 டிகிரி ஏர் ஃப்ரையரில் எட்டு நிமிடம் வைத்தால் ஈரம் மறுபடி வற்றி அது திரும்பிவிடும், கரு மட்டும் அதற்குள் கொஞ்சம் இறுகியிருக்கும்.