திருட்டுப் பிரிண்ட் தேடிப் போன போன்கள்

போன், லேப்டாப் பழுது பார்ப்பது என் தொழில். "தானாகவே விளம்பரம் வருது சார்" என்று யாராவது போனை நீட்டினால், கடைசியாக என்ன படம் தேடினீர்கள் என்றுதான் முதலில் கேட்பேன். பாதிப் பேர் சிரித்துவிடுவார்கள்.

சமீபத்தில் பணி ஓய்வு பெற்ற பெரியவர் ஒருவர் வந்தார். பழைய இந்திப் படம் என்றால் அவருக்கு உயிர். ஐந்து நிமிடத்துக்கு ஒருமுறை "உங்கள் போனில் வைரஸ்" என்று ஏதோ ஒன்று திரையில் வந்து பயமுறுத்துகிறதாம். அது சொன்ன 'கிளீனர்' செயலியையும் போட்டிருந்தார். குரோமைத் திறந்து பார்த்தால், நோட்டிபிகேஷன் அனுப்ப அனுமதி பெற்ற தளங்கள் பதினொன்று. எல்லாமே திருட்டுப் படத் தளங்களில் ஒரே ஒரு படத்தைத் தேடிப் போனபோது ஒட்டிக்கொண்டவை. "நீங்கள் ரோபோ இல்லையென்றால் 'அலோ' (Allow) அழுத்தவும்" என்று கேட்டிருக்கிறது, இவரும் அழுத்தியிருக்கிறார். ரோபோ சோதனைக்கும் அந்த அனுமதிக்கும் ஒரு சம்பந்தமும் கிடையாது. குரோம் செட்டிங்ஸில் சைட் செட்டிங்ஸ், அதற்குள் நோட்டிபிகேஷன்ஸ் போய் தெரியாத பெயர்களை எல்லாம் நீக்கினேன். கிளீனரையும் தூக்கினேன். இரண்டு நிமிட வேலை.

எல்லோருக்கும் இவ்வளவு சுலபமாக முடிவதில்லை. புதிதாக வந்த இந்திப் படத்தைப் பார்க்க ஒரு கல்லூரி மாணவர், அப்படியொரு தளம் கொடுத்த ஏபிகே கோப்பை (பிளே ஸ்டோர் இல்லாமல் நேரடியாகச் செயலியை நிறுவும் கோப்பு) இறக்கி நிறுவியிருந்தார். படம் காட்டும் செயலிக்கு எதற்கு எஸ்எம்எஸ் படிக்கும் அனுமதி? அவர் யோசிக்கவில்லை. அன்று இரவே ஓடிபிகள் வேறு எங்கோ போய், கணக்கில் இருந்த பணமும் போய்விட்டது. இப்படி நடந்தால் முதலில் போனை ஏரோபிளேன் மோடில் போடுங்கள். அப்புறம் வேறொரு போனிலிருந்து சைபர் குற்ற உதவி எண்ணான 1930-க்கும் வங்கிக்கும் அழையுங்கள். பணம் அடுத்தடுத்த கணக்குகளுக்குத் தாவுவதற்கு முன் சொன்னால்தான் நிறுத்திவைக்க வழியுண்டு. மறுநாள் பார்த்துக்கொள்ளலாம் என்று தூங்கப் போனால் அவ்வளவுதான்.

இந்தத் தளங்களுக்குப் படம் என்பது தூண்டில் புழு. பிளே பட்டன் போலத் தெரிவதன் மேல் கண்ணுக்குத் தெரியாத விளம்பர அடுக்கு ஒன்று விரிந்திருக்கும். முதல் இரண்டு மூன்று தட்டல்கள் அதற்கே போகும். முகவரியில் பூட்டுப் படம் இருக்கிறதே என்று சிலர் கேட்கிறார்கள். இடையில் யாரும் ஒட்டுக் கேட்க முடியாது என்றுதான் அதற்கு அர்த்தம். மறுமுனையில் இருப்பவர் யோக்கியர் என்று அது சொல்லவில்லை.

தளங்களின் பெயரை எழுதப் போவதில்லை, எழுதினால் அதுவே விளம்பரம். பெயர் தெரிந்தும் பெரிய பயனில்லை. நீதிமன்றம் ஒரு முகவரியை முடக்கினால், முகவரியின் கடைசி எழுத்துகள் மட்டும் மாறி மறுபடி முளைக்கும். அதனால்தான் 2019-ல் டெல்லி உயர் நீதிமன்றம், புதிதாக முளைக்கும் நகல் முகவரிகளையும் அதே உத்தரவின் கீழ் கொண்டுவர வழி செய்தது. ஆள் யாரென்றே தெரியாத திருடர்கள் மீது வழக்குப் போட 'அசோக் குமார்' என்று ஒரு கற்பனைப் பெயர்கூட நம் நீதிமன்றங்களில் புழங்குகிறது. இந்தக் குழப்பத்தில், அதே பெயரையும் லோகோவையும் வைத்து மூன்றாம் ஆட்கள் கடை போடுகிறார்கள். நீங்கள் அசல் திருடனிடம்கூடப் போய்ச் சேர மாட்டீர்கள்.

சட்டம் 2023-ல் கடுமையாகிவிட்டது. அந்த ஆண்டு திருத்தப்பட்ட திரைப்படச் சட்டப்படி, தியேட்டரில் படத்தைப் பதிவு செய்பவருக்குக் குறைந்தது 3 மாதம், அதிகபட்சம் 3 ஆண்டு சிறை. அபராதம் 3 லட்சம் ரூபாயில் தொடங்கி, தயாரிப்புச் செலவில் 5 சதவீதம் வரை போகலாம். "நான் பார்க்க மட்டும்தானே செய்கிறேன்" என்பவர்களுக்கு ஒரு தகவல்: டோரன்ட் (பலருடைய கணினிகளிலிருந்து துண்டு துண்டாகக் கோப்பை இறக்கும் முறை) மூலம் இறக்கும்போதே, இறங்கிய பகுதிகளை உங்கள் கணினி மற்றவர்களுக்கு அனுப்பிக்கொண்டிருக்கும். பார்வையாளராகப் போய் விநியோகஸ்தர் ஆகிவிடுகிறீர்கள்.

சரி, எங்கே பார்ப்பது? புதுப் படம் என்றால் கொஞ்சம் பொறுமை வேண்டும். இந்திப் படங்களுக்குத் தியேட்டருக்கும் ஓடிடிக்கும் இடையே எட்டு வார இடைவெளியை பெரிய மல்டிபிளெக்ஸ்கள் கேட்கின்றன. 2023-ல் 'லியோ'வின் இந்திப் பதிப்புக்கு வடக்கே அவர்கள் திரை கொடுக்காததும் இதனால்தான். ஆகவே வெளியான வாரத்திலேயே 'ஹெச்டி பிரிண்ட்' என்று ஒரு தளம் கூவினால், அது பெரும்பாலும் தியேட்டரில் திருட்டுத்தனமாகப் பதிவு செய்த கேமரா பிரிண்ட், இல்லையென்றால் வெறும் தூண்டில். எட்டு வாரத்துக்குப் பிறகு நெட்பிளிக்ஸ், பிரைம் வீடியோ, ஜியோஹாட்ஸ்டார், ஜீ5, சோனிலிவ் என்று ஏதாவது ஒன்றில் பெரும்பாலும் வந்துவிடும். தமிழ் டப் தேடித்தான் பலர் திருட்டுத் தளத்துக்குப் போகிறார்கள். ஓடிடியில் ஆடியோ, சப்டைட்டில் பட்டியலை ஒருமுறை திறந்து பாருங்கள், தமிழே இருக்கலாம். மாதச் சந்தா வேண்டாம் என்றால் தனிப் படத்தை யூடியூபில் வாடகைக்கு எடுக்கலாம். 2025-ல் ஆமிர் கான் தன் படத்தை ஓடிடிக்குக் கொடுக்காமல் யூடியூபிலேயே 100 ரூபாய்க்கு விட்டார்.

பழைய படம் என்றால் செலவே இல்லை. ராஜ்ஸ்ரீ, ஷெமாரூ, அல்ட்ரா போன்ற நிறுவனங்கள் தங்களிடம் உரிமை உள்ள படங்களை யூடியூபில் முழுதாகப் போட்டிருக்கின்றன. விளம்பரத்தோடு இலவசமாகக் காட்டும் அமேசான் எம்எக்ஸ் பிளேயரும் இருக்கிறது. ஒன்றை மட்டும் கவனியுங்கள்: யூடியூபில் இருப்பதாலேயே ஒரு படம் முறையானதாகிவிடாது. ஏற்றியது அந்த நிறுவனத்தின் சேனல்தானா என்று பாருங்கள். படத்தைக் கண்ணாடி போலத் திருப்பியோ ஓரம் வெட்டியோ போட்டிருந்தால் அது திருட்டுதான், யூடியூபின் சோதனைக்குத் தப்பச் செய்யும் வேலை அது.

பெரியவர் தேடிய படமும் யூடியூபில் இருந்தது, உரிமை உள்ள நிறுவனத்தின் சேனலிலேயே. மேஜையிலேயே ஓடவிட்டுக் காட்டினேன், முதல் பாட்டு வரும்வரை நின்று பார்த்தார். அடுத்த வாரம் இன்னொரு படத்தின் பெயரைத் துண்டுச் சீட்டில் எழுதிக்கொண்டு வந்தார். நானும் எல்லா இடத்திலும் தேடினேன், கிடைக்கவில்லை. "டிவியில போடும்போது பார்த்துக்கிறேன் தம்பி" என்று சீட்டை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார்.