அறுபதாயிரம் ஓட்டுக்கு ஒரு எம்.பி.

1932 நவம்பர் 6, ஞாயிற்றுக்கிழமை. அந்த ஆண்டில் ஜெர்மனி இரண்டாவது முறையாக நாடாளுமன்றத்துக்கு ஓட்டுப் போட்டது. வாக்குச்சீட்டில் கட்சிகள் வரிசை எண்ணோடு ஒன்றன்கீழ் ஒன்றாக இருக்கும். கலைந்த அவையில் யாருக்கு அதிக இடமோ, அவர்களுக்கு முதல் எண். ஜூலையில் 2ஆம் எண்ணில் இருந்த நாஜிக் கட்சி இப்போது 1ஆம் எண்ணுக்கு ஏறியிருந்தது. வேட்பாளர் பெயர்கள் சில பக்கத்தில் இருந்தாலும், வட்டத்துக்குள் பெருக்கல் குறி போடுவது கட்சிக்குத்தான்.

எண்ணி முடித்தபோது நாஜிகளுக்கு 1 கோடியே 17 லட்சத்து 37 ஆயிரம் ஓட்டு. இதை 60,000ஆல் வகுத்துப் பாருங்கள்: 195.6. கிடைத்த இடங்கள் 196. சமூக ஜனநாயகக் கட்சிக்குச் சுமார் 72.5 லட்சம்; வகுத்தால் 120.8, இடங்கள் 121. கம்யூனிஸ்டுகளுக்குச் சுமார் 59.8 லட்சம், 99.7, இடங்கள் 100. இவ்வளவு கச்சிதமாக ஓட்டை இடமாக மாற்றியது அந்தத் தேர்தல் முறை.

1920இல் வந்த தேர்தல் சட்டம்தான் இதற்கு அடிப்படை. நாடு 35 பெரிய தேர்தல் மாவட்டங்களாகப் பிரிக்கப்பட்டது. ஒரு மாவட்டத்தில் ஒரு கட்சி வாங்கும் ஒவ்வொரு 60,000 ஓட்டுக்கும் ஒரு இடம். 2,17,000 வாங்கினால் மூன்று இடம். 37,000 உதிரியாக நிற்கும். இந்த உதிரி வீணாகாது. அக்கம்பக்கத்து மாவட்டங்கள் சில சேர்ந்து ஒரு தொகுப்பு. அங்கே எல்லா உதிரிகளும் சில்லறையைக் கூட்டி நோட்டாக மாற்றுவதுபோல் சேர்க்கப்படும். பக்கத்து மாவட்டத்தில் 41,000 மிஞ்சியிருந்தால் மொத்தம் 78,000. இன்னொரு இடம் வந்துவிட்டது. அதற்கும் மேல் மிஞ்சும் 18,000 பெர்லினுக்கு, தேசியப் பட்டியலுக்குப் போகும். அங்கே மறுபடி 60,000ஆல் வகுப்பார்கள். கடைசியில் 30,000க்கு மேல் மிச்சம் நின்றால் அதற்கும் முழுதாக ஒரு இடம். நாஜிகளின் 195.6 196ஆனது இப்படித்தான்.

இதனால் ஒரு வேடிக்கை நடந்தது. அவையில் இத்தனை நாற்காலி என்று யாரும் முன்கூட்டியே சொல்ல முடியாது. மக்கள் திரண்டு வந்து ஓட்டுப் போட்டால் அவை பெரிதாகும். சலித்துப்போய் வீட்டில் இருந்துவிட்டால் சுருங்கும். 1932 ஜூலையில் 84 சதவீதம் பேர் ஓட்டுப் போட்டார்கள், உறுப்பினர்கள் 608. நவம்பரில் அது 81 சதவீதத்துக்குச் சற்றுக் குறைவு, உறுப்பினர்கள் 584.

குறைந்தபட்ச வாக்கு வரம்பே இல்லாத முறை என்று இதைப் பலர் எழுதுவார்கள். அது பாதி உண்மைதான். தொகுப்பில் உதிரியைச் சேர்க்க வேண்டுமானால் ஏதாவது ஒரு மாவட்டத்திலாவது கட்சிக்கு 30,000 ஓட்டு இருக்க வேண்டும். கீழே ஜெயித்த இடங்களைவிட அதிகமாகத் தேசியப் பட்டியலில் வாங்கவும் முடியாது. 35 மாவட்டங்களிலும் தலா 20,000 ஓட்டு வாங்கும் கட்சிக்கு மொத்தம் 7 லட்சம் ஓட்டு சேரும், ஒரு இடம்கூடக் கிடைக்காது. 1928இல் நாஜிகள் 8.1 லட்சம் ஓட்டு வாங்கினார்கள். வகுத்தால் 13.5 வரும், கிடைத்தது 12.

ஹிட்லர் வந்ததற்கு இந்த முறைதான் காரணம் என்ற வாதம் இன்றும் ஓய்ந்தபாடில்லை. எனக்கு அது ஒப்பவில்லை. எதிர்வாதிகள் சொல்வதுபோல 5 சதவீத வரம்பு இருந்திருந்தால் 1928இல் 2.6 சதவீதம் வாங்கிய நாஜிகள் வெளியே நின்றிருப்பார்கள், சரி. ஆனால் அடுத்த தேர்தலிலேயே, 1930 செப்டம்பரில், அவர்கள் 18.3 சதவீதத்தோடு 107 பேராக வந்தார்கள். எந்த வரம்பு அதைத் தடுக்கும்? 1932 நவம்பர் கணக்கில் அந்த வரம்பைப் போட்டுப் பார்த்தால் நிலைமை இன்னும் மோசம்: சிறு கட்சிகள் உதிர்ந்து, நாஜிகளும் கம்யூனிஸ்டுகளும் சேர்ந்து அவையில் சுமார் 55 சதவீதம் ஆகியிருப்பார்கள்.

தொகுதிக்கு ஒருவர் என்ற பிரிட்டிஷ் முறை காப்பாற்றியிருக்குமா? 1924இல் பிரிட்டனில் கன்சர்வேட்டிவ் கட்சி பாதிக்கும் குறைவான ஓட்டில் 615இல் 412 இடங்களை அள்ளியது. 1932 ஜூலையில் நாஜிகள் 37.3 சதவீத ஓட்டோடு பெரும்பாலான மாவட்டங்களில் முதலிடத்தில் இருந்தார்கள். அந்த முறையில் ஹிட்லருக்கு அன்றே தனிப் பெரும்பான்மை கிடைத்திருக்கக்கூடும். ஓட்டுக்கு ஏற்ப இடம் தரும் விகிதாசாரக் கணக்கு கொடுத்தது 230 இடங்கள்; 608இல் அது பெரும்பான்மைக்கு வெகுதூரம்.

சிக்கல் வேறு இடத்தில் இருந்தது. ஜூலையில் நாஜி 230, கம்யூனிஸ்ட் 89. மொத்தம் 319, பாதிக்கு மேல். ஒருவரை ஒருவர் தெருவில் வெட்டிக்கொண்ட இந்த இரு கட்சிகளும் சேர்ந்து அரசு அமைக்கப் போவதில்லை. ஆனால் எந்த அரசையும் சேர்ந்து கவிழ்க்கலாம். செப்டம்பர் 12 அன்று அவையில் அதுதான் நடந்தது. கம்யூனிஸ்டுகள் நம்பிக்கையில்லாத் தீர்மானம் கொண்டுவந்தார்கள். அரசின் தலைவரான சான்சலர் ஃபான் பாப்பன், அவையைக் கலைக்கும் ஆணையைச் சிவப்பு உறைக்குள் வைத்துக்கொண்டு பேச எழுந்தார். சபாநாயகர் நாற்காலியில் இருந்தவர் நாஜிக் கட்சியின் கோரிங். அவர் வேறு பக்கம் பார்த்துக்கொண்டு, வாக்கெடுப்பு தொடங்கிவிட்டது என்றார். பாப்பன் தாளைக் கோரிங்கின் மேசைமேல் வைத்துவிட்டு வெளியேறினார். அரசுக்கு எதிராக 512, ஆதரவாக 42. ஆனால் கலைப்பு ஆணையே செல்லும் என்றாகி, நவம்பர் தேர்தல் வந்தது.

அதில் நாஜிகளுக்கு 34 இடங்கள், 20 லட்சம் ஓட்டு போயின. ஆனாலும் நாஜி 196, கம்யூனிஸ்ட் 100, 584இல் 296. முட்டுக்கட்டை அப்படியே நின்றது. சான்சலரை நியமிப்பது ஜனாதிபதி ஹிண்டன்பர்க்; 1930 முதலே அரசுகள் அவருடைய அவசர ஆணைகளை நம்பித்தான் ஓடின. 1932இல் நாடாளுமன்றம் நிறைவேற்றிய சட்டங்கள் 5 மட்டுமே. ஓட்டு எண்ணிக்கைக்கும் ஆட்சிக்கும் இருந்த கயிறு ஏற்கெனவே அறுந்துவிட்டது. அதனால்தான் பின்னடைவு கண்ட தேர்தலுக்கு மூன்று மாதம் ஆகுமுன், 1933 ஜனவரி 30 அன்று, பாப்பன் போன்றவர்களின் பேரத்தில் ஹிட்லர் சான்சலர் ஆக முடிந்தது. அதன்பின், அரசே அடியாட்களை ஏவிவிட்ட மார்ச் தேர்தலில்கூட நாஜிகள் 43.9 சதவீதம்தான், 647இல் 288 இடங்கள்.

1949இல் மேற்கு ஜெர்மனி அரசியல் சட்டம் எழுதியவர்கள் விகிதாசாரத்தைக் கைவிடவில்லை. தேர்தல் சட்டத்தில் 5 சதவீத வரம்பு வந்தது. ஆனால் அரசியல் சட்டத்தின் 67ஆம் பிரிவைத்தான் நான் முக்கியமாகக் கருதுகிறேன்: அடுத்த சான்சலர் யார் என்று பெரும்பான்மையோடு தேர்ந்தெடுத்தால்தான் இருப்பவரை இறக்கலாம். கவிழ்ப்பதற்கு மட்டும் கூடும் பெரும்பான்மைக்கு அங்கே வேலையில்லை. இதுவரை அது ஒரே முறைதான் பலித்திருக்கிறது. 1982 அக்டோபர் 1 அன்று ஹெல்முட் ஷ்மிட்டை இறக்கி ஹெல்முட் கோலை ஏற்றினார்கள்.