சோப்பாதல் எண்: 257 என்றால் எந்தக் காரத்தில் 257?

தேங்காய் எண்ணெயை மொத்தமாக வாங்கும்போது கூடவே வரும் ஆய்வறிக்கையில் 'சோப்பாதல் எண் 257' என்று ஒரு வரி இருக்கும். வீட்டிலேயே சோப்பு காய்ச்சத் தொடங்கியவர்களில் சிலர் இதைப் பார்த்துவிட்டு, ஒரு கிலோ எண்ணெய்க்கு 257 கிராம் காஸ்டிக் சோடா போதும் என்று கணக்குப் போடுகிறார்கள். சோப்பு பார்க்க நன்றாகவே உறைகிறது. நுரையும் வருகிறது. ஆனால் அதில் எண்ணெயோடு சேராத காஸ்டிக் சோடா 70 கிராமுக்கு மேல் மிச்சம் இருக்கிறது. தோல் உரிவது, கண் எரிவது, குழந்தைகளுக்குச் சிவந்து தடிப்பது எல்லாம் அந்த மிச்சக் காரத்தால்தான். எண் சரியானதுதான். எந்தக் காரத்தின் எடை அது என்பதைப் பார்க்காததுதான் தவறு.

ஒரு கிராம் கொழுப்பை முழுவதும் சோப்பாக மாற்ற எத்தனை மில்லிகிராம் பொட்டாசியம் ஹைட்ராக்சைடு செலவாகிறதோ, அதுவே அந்தக் கொழுப்பின் சோப்பாதல் எண். இலங்கைப் பாடநூல்களில் இதே வினையைச் சவர்க்காரமாக்கல் என்பார்கள். வரையறையிலேயே பொட்டாசியம் இருக்கிறது, சோடியம் இல்லை. கட்டிச் சோப்புக்கு நாம் போடுவதோ சோடியம் ஹைட்ராக்சைடு, அதாவது கடையில் செதில்களாகக் கிடைக்கும் காஸ்டிக் சோடா. பொட்டாசியம் ஹைட்ராக்சைடின் மூலக்கூறு எடை 56.1, சோடியம் ஹைட்ராக்சைடுக்கு 40. வேலை ஒன்றுதான், எடைதான் வேறு. எனவே சோப்பாதல் எண்ணை 0.713 ஆல் (40-ஐ 56.1 ஆல் வகுத்தால் வருவது) பெருக்கினால்தான் காஸ்டிக் சோடாவின் அளவு கிடைக்கும். 257-ஐப் பெருக்கினால் 183. ஒரு கிலோ தேங்காய் எண்ணெய்க்கு 183 கிராம், அதுவும் அதிகபட்ச அளவு. பெருக்காமல் போட்டால் 40 சதவீதம் கூடுதல்.

எண்ணெய்க்கு எண்ணெய் இந்த எண் ஏன் மாறுகிறது? எண்ணெய் மூலக்கூறு ஒவ்வொன்றிலும் ஒரு கிளிசரால், அதில் மாட்டிய மூன்று கொழுப்பு அமிலங்கள். மூன்று அமிலத்துக்கும் சேர்த்து மூன்று கார மூலக்கூறு வேண்டும். தேங்காய் எண்ணெயில் பாதியளவுக்கு லாரிக் அமிலம், 12 கார்பன் கொண்ட குட்டைச் சங்கிலி. கடலை எண்ணெயிலும் நல்லெண்ணெயிலும் பெரும்பகுதி 18 கார்பன் சங்கிலிகள். சங்கிலி குட்டையானால் மூலக்கூறு இலகு. ஒரு கிராமுக்குள் அதிக மூலக்கூறுகள் அடங்கும். காரமும் அதிகம் வேண்டும். 1,68,300-ஐ (56.1-இன் மூன்று மடங்கு, மில்லிகிராம் கணக்குக்காக ஆயிரத்தால் பெருக்கியது) சோப்பாதல் எண்ணால் வகுத்தால் எண்ணெயின் சராசரி மூலக்கூறு எடையே வந்துவிடும். தேங்காய் எண்ணெய்க்கு ஏறத்தாழ 655, கடலை எண்ணெய்க்கு 877. 22 கார்பன் சங்கிலியுள்ள எரூசிக் அமிலம் மிகுந்த கடுகெண்ணெயில் எண் 168 முதல் 177-க்குள் இறங்கிவிடுகிறது. விளக்கெண்ணெயின் அமிலத்தில் கூடுதலாக ஒரு ஹைட்ராக்சில் தொகுதி உண்டு. அது எடையைக் கூட்டுமே தவிரக் காரத்தை எடுத்துக்கொள்ளாது. அதனால் அதன் எண் 180-ஐ ஒட்டி நிற்கிறது.

அட்டவணைகளில் தேங்காய் எண்ணெய்க்கு ஒரே ஓர் எண்தான் அச்சிட்டிருப்பார்கள். உண்மையில் இது ஒரு வரம்பு. கோடெக்ஸ் என்ற சர்வதேச உணவுத் தரநிலையில் தேங்காய் எண்ணெய்க்கு 248 முதல் 265 வரை. கடலை எண்ணெய் 187 முதல் 196, நல்லெண்ணெய் 186 முதல் 195, பாமாயில் 190 முதல் 209. உங்கள் கையிலுள்ள எண்ணெய் 248 ஆக இருந்து, கணக்கு 265-இல் போடப்பட்டிருந்தால், காரம் கிட்டத்தட்ட 7 சதவீதம் கூடிவிடும். இதற்காகத்தான் கணக்கில் வரும் காரத்தில் 5 சதவீதத்தைக் குறைத்துப் போடும் வழக்கம். கொஞ்சம் எண்ணெய் சோப்பாகாமல் தங்கும், தோலுக்கும் அது நல்லது. ஆனால் மேற்சொன்ன 7 சதவீதப் பிழையை 5 சதவீதத் தள்ளுபடியால் ஈடுகட்ட முடியாது. ஆய்வறிக்கை இல்லாத எண்ணெய் என்றால் வரம்பின் கீழ்ப்பாதியிலிருந்து எண்ணை எடுப்பதுதான் பாதுகாப்பு. தேங்காய் எண்ணெய் மட்டுமே போட்டுச் செய்யும் சோப்பு தோலை வறட்டும். அதற்கு 15 முதல் 20 சதவீதம் வரை குறைப்பது வழக்கம்.

ஒரு கலவையைப் போட்டுப் பார்ப்போம். தேங்காய் எண்ணெய் 500 கிராம், கடலை எண்ணெய் 400, விளக்கெண்ணெய் 100. ஒரு கிராமுக்கு முறையே 0.183, 0.137, 0.128 கிராம் காஸ்டிக் சோடா. பெருக்கினால் 91.5, 54.8, 12.8, கூட்டினால் 159.1. அதில் 5 சதவீதம் கழித்தால் 151 கிராம். தண்ணீர் அதன் இரு மடங்கு, சுமார் 300 கிராம். எண்ணெய்களைக் கலந்த பிறகு சராசரி எண் ஒன்றை ஊகித்துப் போடக்கூடாது. ஒவ்வொன்றுக்கும் தனித்தனியாகப் பெருக்கித்தான் கூட்ட வேண்டும்.

இங்கே அடிக்கடி நடக்கும் பிழை ஒன்று: லிட்டரைக் கிலோவாக எடுத்துக்கொள்வது. ஒரு லிட்டர் பாக்கெட்டைத் திருப்பிப் பாருங்கள், 910 கிராம் என்று பக்கத்திலேயே அச்சிட்டிருக்கும். ஒரு லிட்டர் தேங்காய் எண்ணெய் தாங்கும் காரம் சுமார் 167 கிராம்தான். ஒரு கிலோ என்று நினைத்து, 5 சதவீதம் குறைத்து 174 கிராம் போட்டாலும் 7 கிராம் மிச்சம் நிற்கும். தள்ளுபடி மொத்தமும் அதில் கரைந்துபோகிறது. எண்ணெய், காரம், தண்ணீர் மூன்றையும் எலக்ட்ரானிக் தராசில்தான் நிறுக்க வேண்டும். ஒரு கிராம் வரை காட்டும் தராசு போதும். கரண்டி அளவு, டம்ளர் அளவு எதுவும் இதற்கு உதவாது.

பெயர்க் குழப்பமும் ஆபத்தானது. ஆப்ப சோடா, சலவைச் சோடா, காஸ்டிக் சோடா மூன்றும் வேறு வேறு பொருள்கள். முதலாவது சோடியம் பைகார்பனேட். இதைப் போட்டால் எண்ணெய் எண்ணெயாகவே இருக்கும். இரண்டாவது சோடியம் கார்பனேட். வீட்டுச் சூட்டில் எண்ணெயைச் சோப்பாக்கும் வலு அதற்கு இல்லை. மூன்றாவதுதான் வேண்டியது, தோலையும் கண்ணையும் அரிப்பதும் அதுதான். 'காஸ்டிக் சோடா சேர்க்காத இயற்கைச் சோப்பு' என்று விளம்பரம் செய்பவர்கள், வேறு யாரோ காரம் போட்டுச் செய்த சோப்புக் கட்டியை உருக்கி வார்க்கிறார்கள், அவ்வளவே. காரம் இல்லாமல் கொழுப்பு சோப்பாகாது. சரியாகக் கணக்கிட்ட சோப்பில் அந்தக் காரம் முழுவதும் வினையில் செலவாகியிருக்கும்.

கரைக்கும்போது தண்ணீரில்தான் காரத்தைச் சிறிது சிறிதாகப் போட வேண்டும். காரத்தின் மேல் தண்ணீரை ஊற்றினால் சட்டெனக் கொதித்து முகத்தில் தெறிக்கும். கரைசல் தானாகவே 80 டிகிரி செல்சியஸைத் தாண்டிச் சூடாகும். எவர்சில்வர் பாத்திரம் நல்லது. அலுமினியப் பாத்திரம் வேண்டவே வேண்டாம். காரம் அதை அரித்து, தீப்பற்றும் ஹைட்ரஜன் வாயுவைக் கிளப்பும். கண்ணாடிக் குவளை சூட்டில் விரிசல் விடலாம். ரப்பர் கையுறையும் கண்ணை முழுவதும் மூடும் கண்ணாடியும் கட்டாயம். மேலே பட்டால் வினிகரைத் தேடாமல், ஓடும் தண்ணீரில் 20 நிமிடமாவது கழுவ வேண்டும். கண்ணில் பட்டால் கழுவிய கையோடு மருத்துவமனைக்குப் போக வேண்டும். யாராவது விழுங்கிவிட்டால் வாந்தி எடுக்க வைக்கக் கூடாது. மேலே வரும்போது காரம் உணவுக்குழாயை இரண்டாம் முறை எரிக்கும். மீந்த கரைசலைக் குடிநீர் பாட்டிலில் ஊற்றி வைப்பதைப்போல் கொடுமையான அலட்சியம் வேறில்லை. பார்க்க அது தண்ணீர் மாதிரியேதான் இருக்கும்.

இந்த எண் சோப்புக்காகப் பிறந்ததல்ல என்பது பலருக்குத் தெரியாது. 1879-இல் கோட்ஸ்டார்ஃபர் என்ற வேதியியலாளர் வெண்ணெயில் வேறு கொழுப்பு கலந்திருக்கிறதா என்று கண்டுபிடிக்கக் கொண்டுவந்த சோதனை இது. கலப்படம் பார்க்க இன்றும் பயன்படுகிறது, ஆனால் ஓர் எல்லை வரைதான். தேங்காய் எண்ணெயில் பத்தில் ஒரு பங்கு கனிம எண்ணெய் கலந்தால், அது காரத்தோடு சேரவே சேராது என்பதால், 257 நேராக 231-க்கு இறங்கிக் காட்டிக்கொடுத்துவிடும். ஐந்தில் ஒரு பங்கு பனைக்கொட்டை எண்ணெய் கலந்தாலோ எண் 254 அல்லது 255-இல் நிற்கும், சோதனை மௌனமாகிவிடும். நல்லெண்ணெயில் தவிட்டெண்ணெய் கலந்தாலும் இதே கதை. நெய்யில் இன்னும் மோசம். நெய்யின் எண் 220-களில் இருக்கும். தேங்காய் எண்ணெயையும் பாமாயிலையும் சரிபாதி கலந்தால் அதே 228 வந்துவிடும். நெய்க் கலப்படத்தைப் பிடிக்க, எளிதில் ஆவியாகும் கொழுப்பு அமிலங்களை அளக்கும் ரீச்சர்ட்-மைசல் எண் தேவைப்படுவது அதனால்தான். நெய்யிலுள்ள அத்தகைய பியூட்ரிக் அமிலத்தை அப்படி எளிதில் போலி செய்ய முடியாது. 'சோப்பாதல் எண் சரி, எனவே எண்ணெய் சுத்தம்' என்று அறிக்கையை வாசிப்பது தவறான வாசிப்பு. அமில எண்ணையும் இதையும் ஒன்றாக நினைக்கவும் வேண்டாம். அமில எண் தனித்து நிற்கும் கொழுப்பு அமிலத்தை மட்டும் அளக்கும். எண்ணெய் சிக்கு வாடை அடித்துக் கெட்டால் அது ஏறும். சோப்பாதல் எண்ணில் தனித்ததும் பிணைந்ததும் சேர்ந்தே வரும்.

ஆய்வகத்தில் இதை அளப்பது இப்படி. வடிகட்டிய ஈரமில்லாத எண்ணெய் 2 கிராம், 0.5 நார்மல் செறிவுள்ள ஆல்கஹால் பொட்டாஷ் (ஆல்கஹாலில் கரைத்த பொட்டாசியம் ஹைட்ராக்சைடு) 25 மி.லி., ஆவியைக் குளிர்வித்துக் குடுவைக்கே திருப்பும் மீள் குளிர்விப்பான் பொருத்தி ஒரு மணி நேரம் கொதிக்க வைப்பது. எண்ணெய்த் துளிகள் மறைந்து கரைசல் தெளிய வேண்டும். பிறகு காரத்தில் இளஞ்சிவப்பாகும் நிறங்காட்டியான பினாப்தலீன் விட்டு, சூடு ஆறுமுன் 0.5 நார்மல் ஹைட்ரோகுளோரிக் அமிலத்தால் தரம்பார்த்தல், அதாவது நிறம் மறையும்வரை அமிலத்தைச் சொட்டுச் சொட்டாக விட்டு மிச்சக் காரத்தை அளத்தல். ஆறினால் சோப்பு கூழாகி முடிவுப்புள்ளி மங்கும். எண்ணெய் இல்லாமல் வெற்றுச் சோதனை ஒன்றையும் கூடவே நடத்த வேண்டும். செலவான அமிலம் வெற்றுக்கு 24.6 மி.லி., எண்ணெய்க்கு 6.2 மி.லி., எடை 2.01 கிராம் என்றால், வித்தியாசம் 18.4-ஐ 0.5 ஆலும் 56.1 ஆலும் பெருக்கி 2.01 ஆல் வகுக்க, 256.8.

கல்லூரி ஆய்வகங்களில் தேங்காய் எண்ணெய்க்கு 230 என்று எழுதி வருவதைப் பார்க்கலாம். காரணம் பெரும்பாலும் 3 கிராம் எடுத்ததுதான். அதற்கு 27 மி.லி.க்கு மேல் பொட்டாஷ் வேண்டும், குடுவையில் இருப்பது 25. காரம் தீர்ந்தபின் மிச்ச எண்ணெய் சோப்பாகாமலே நிற்கும், எண் குறைந்து வரும். எண்ணெய்க்கான அளவீடு வெற்று அளவீட்டில் கால் பங்குக்குக் கீழே போனால் எடையைக் குறைத்து மறுபடி செய்வது நல்லது. ஆல்கஹாலில் ஆல்டிஹைடு இருந்தால் பொட்டாஷ் கரைசல் பழுப்பாகி நிறமாற்றம் தெரியாமல் போகும். அதைக் கொட்டிவிட்டுப் புதிதாகத் தயாரிக்க வேண்டும்.

சரி, காரம் கூடிய சோப்பு கையில் இருக்கிறது. 6 வாரம் காயவைத்தால் சரியாகிவிடும் என்பது நம்பிக்கை மட்டுமே. காய்வது தண்ணீர், காரம் ஆவியாகாது. நாக்கில் வைத்துப் பார்க்கும் பழக்கத்தை விட்டுவிடுங்கள். ஆல்கஹாலில் கரைத்த பினாப்தலீனை வெட்டுமுகத்தில் ஒரு சொட்டு விட்டால், அடர்ந்த இளஞ்சிவப்பு நிறம் மிச்சக் காரத்தைக் காட்டும். மீட்கவும் வழி உண்டு. ஒரு கிலோ தேங்காய் எண்ணெயில் 257 கிராம் காரம் போயிருந்தால், கடலை எண்ணெய் இன்னும் 640 கிராம் சேர்த்தால்தான் 5 சதவீதத் தள்ளுபடியோடு கணக்கு நேராகும். கையுறையோடு துருவி, எவர்சில்வர் பாத்திரத்தில் கொஞ்சம் தண்ணீர் தெளித்து, சிறு தீயில் அந்த எண்ணெயோடு முழுவதும் சேரும்வரை கிளற வேண்டும். ஆறிய பின் அதே பினாப்தலீன் சோதனை. எவ்வளவு எண்ணெய், எவ்வளவு காரம் போட்டோம் என்று எழுதி வைக்காத சோப்பில் இந்தக் கணக்கைப் போடவே முடியாது. அதைக் குளியலறைக்குக் கொண்டுபோக வேண்டாம்.