ரகசிய கேமராவை வைப்பதற்கு முன்

இந்தத் தகவலைக் கொண்டுவந்தவருக்கு இதில் என்ன லாபம்? புலனாய்வுச் செய்தி எதுவும் டெஸ்க்குக்கு வந்தால் நிருபரிடம் நான் முதலில் கேட்பது இதைத்தான். இளம் நிருபர்களுக்கு எரிச்சல் வரும். “சார், வீடியோவே இருக்கு” என்பார்கள். அப்போதுதான் எனக்குப் பயம் கூடும்.

2007 ஆகஸ்டில் டெல்லி அரசுப் பள்ளி ஆசிரியை ஒருவர் மாணவிகளைப் பாலியல் தொழிலில் தள்ளுவதாக லைவ் இந்தியா சேனல் ரகசிய கேமராக் காட்சிகளை ஒளிபரப்பியது. பள்ளியில் திரண்ட கூட்டம் அவரை அடித்து, உடையைக் கிழித்தது. கைதானார், வேலையும் போயிற்று. போலீஸ் விசாரித்தபோது, காட்சியில் மாணவியாக வந்த பெண் அங்கே படிப்பவரே இல்லை, பத்திரிகைத் துறைக்கு வர முயன்றுகொண்டிருந்தவர் என்று தெரிந்தது. பின்னணியில் இருந்த ஒருவருக்கு ஆசிரியையோடு பணத் தகராறு. சேனலுக்கு மத்திய அரசு ஒரு மாதம் தடை போட்டது. தானாக முன்வந்து வழக்கை எடுத்த டெல்லி உயர் நீதிமன்றம், ஆசை காட்டி ஒருவரைக் குற்றத்துக்குள் இழுத்துப் படம் பிடிப்பதைக் கண்டித்தது.

லஞ்சம் கேட்பவரைப் படம் பிடிக்கலாம். கேட்காதவரிடம் நாமே கவரை நீட்டிப் படம் பிடித்தால், அந்தக் குற்றத்தில் நமக்கும் பங்கு உண்டு. 2003இல் மத்திய இணையமைச்சர் திலீப் சிங் ஜுதேவ் பணம் வாங்கும் வீடியோ வெளியாகி, அவர் பதவி விலகினார். அதை ஏற்பாடு செய்தவர்கள் மீதான வழக்கை ரத்து செய்ய 2014இல் உச்ச நீதிமன்றம் மறுத்துவிட்டது. பொதுநலன் என்று சொன்னால் மட்டும் போதாது, அதை விசாரணையில் நிரூபிக்க வேண்டும்.

அதனால் வெட்டி ஒட்டாத முழுப் பதிவையும் பார்க்காமல் நான் எதையும் ஒளிபரப்ப விடுவதில்லை. பாதிச் செய்திகளுக்குக் கேமராவே தேவைப்படாது. வில்லங்கச் சான்றிதழ், ஆர்டிஐ பதில், டெண்டர் கோப்பு போதும், அலைச்சல்தான் அதிகம். பாலியல் குற்றத்தில் குழந்தை பாதிக்கப்பட்டிருந்தால் பெயர் மட்டுமல்ல, பள்ளி, தெரு, உறவினர் என எதுவும் வரக்கூடாது. போக்ஸோ சட்டத்தின் 23ஆம் பிரிவு அதைத் தடுக்கிறது.

அப்புறம், எதிர்த் தரப்பின் பதில். எட்டு மணிக்கு ஒரே ஒரு தடவை போன் அடித்துவிட்டு, ஒன்பது மணிச் செய்தியில் “அவரைத் தொடர்புகொள்ள முடியவில்லை” என்று போடுவதற்கு என் டெஸ்க்கில் இடமில்லை. குற்றச்சாட்டுகளை எழுத்தில் அனுப்பி, படித்துப் பதில் சொல்ல அவகாசம் கொடுக்கிறோம். அதற்குள் வேறு சேனல் முந்திக்கொண்டால், சரி, முந்தட்டும்.